பெற்றோல் செட் லைசென்ஸ் வழக்குகள்: மலையகத்தில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஹட்டனில் ஒரு சட்டத்தரணியின் காரியாலயத்தில் கோப்பு எழுதுகிறவன் நான், சட்டத்தரணி அல்லன். மழைக்குடையைக் கதவோரம் சாய்த்து வைத்துவிட்டு உள்ளே வருகிறவர்கள் எரிபொருள் நிரப்பு நிலையம், எங்கள் பேச்சில் 'செட்', பற்றிக் கேட்பவை திரும்பத் திரும்ப ஒரே கேள்விகள்தான். சட்டத்தரணியைப் பார்க்கப் போகும்போது எந்தக் காகிதத்தை எடுத்துப்போக வேண்டும், எத்தனை நாள் மிச்சமிருக்கிறது என்பதாவது தெரிந்திருக்கட்டும் என்று அவற்றை எழுதி வைக்கிறேன்.

'செட் லைசென்ஸ்' என்று நாங்கள் சொல்வது உண்மையில் எந்தப் பத்திரம்?

அப்படி ஒரு தனிப் பத்திரம் கிடையாது. பல வழக்குகள் இந்த இடத்திலேயே சறுக்கிவிடுகின்றன. இதில் மூன்று அடுக்குகள் உள்ளன. மேல் அடுக்கில், எரிபொருளை இறக்குமதி செய்யவும் விநியோகிக்கவும் விற்கவும் கம்பனிக்கு அரசு கொடுக்கும் அனுமதிப்பத்திரம். இது 2002ஆம் ஆண்டின் 33ஆம் இலக்கப் பெற்றோலிய உற்பத்திப் பொருட்கள் (விசேட ஏற்பாடுகள்) சட்டத்தின் கீழ் வருவது. நடு அடுக்கில், அந்தக் கம்பனியோ அரசின் பெற்றோலியக் கூட்டுத்தாபனமோ செட் நடத்துகிறவரோடு எழுதிக்கொள்ளும் முகவர் ஒப்பந்தம். கீழ் அடுக்கில், அந்த மண்ணில் செட் இருக்கலாம் என்பதற்கான காகிதங்கள்: காணி உறுதி அல்லது குத்தகை, பிரதேச சபையின் கட்டட அனுமதி, வருடாந்த வியாபார அனுமதி, சுற்றாடல் பாதுகாப்பு உரிமம், பிரதான வீதியென்றால் வீதி அபிவிருத்தி அதிகார சபையின் சம்மதம், எங்கள் பக்கத்தில் மண்சரிவு ஆபத்துப் பற்றித் தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனம் தரும் அறிக்கை.

"லைசென்ஸைப் பறித்துவிட்டார்கள்" என்று வருகிறவரின் பையைத் திறந்து பார்த்தால், போயிருப்பது பெரும்பாலும் நடுவில் உள்ள ஒப்பந்தமாக இருக்கும். "லைசென்ஸ் தர மறுக்கிறார்கள்" என்று வருகிறவருக்குத் தடையாக நிற்பது பல நேரம் கீழே உள்ள ஏதோ ஒரு காகிதம். எந்த அடுக்கில் சிக்கல் என்று தெரிந்தால்தான் எந்த நீதிமன்றம் என்று தெரியும்.

இவற்றையெல்லாம் கொடுப்பது யார்? முன்பு கூட்டுத்தாபனம் மட்டும்தானே இருந்தது?

ஆம். 1961ஆம் ஆண்டின் 28ஆம் இலக்கச் சட்டம் இலங்கைப் பெற்றோலியக் கூட்டுத்தாபனத்தை உருவாக்கியது. ஷெல், கல்டெக்ஸ், எஸ்ஸோ ஆகிய கம்பனிகளின் கையிலிருந்த விநியோகம் அரசின் கைக்கு வந்தது. 1964இலிருந்து கூட்டுத்தாபனத்துக்கே ஏகபோகம். அது உடைந்தது 2002ஆம் ஆண்டுச் சட்டத்தோடு. அடுத்த ஆண்டு லங்கா ஐஓசி சுமார் நூறு செட்களோடு உள்ளே வந்தது. 2022 பொருளாதார நெருக்கடிக்குப் பிறகு, அந்த ஆண்டு ஒக்டோபரில் சட்டம் திருத்தப்பட்டு மற்றக் கம்பனிகளுக்கும் வழி திறந்தது. கூட்டுத்தாபனத்தின் வலையமைப்பிலிருந்து கம்பனிக்கு 150 செட்கள் வீதம் மூன்று கம்பனிகளுக்கு ஒதுக்குவது திட்டம். சினோபெக் 2023இல் விற்பனையைத் தொடங்கியது. ஆர்.எம். பார்க்ஸ் ஷெல் பெயரோடு வந்தது. அவுஸ்திரேலியாவின் யுனைடெட் பெற்றோலியம் 2024இல் வந்து அடுத்த ஆண்டே மூட்டையைக் கட்டிக்கொண்டது.

ஆக, கம்பனிக்கான அனுமதி அமைச்சின் பக்கத்திலிருந்து வருகிறது. முகவர் நியமனம் கம்பனியிடமிருந்து வருகிறது. பிரதேச சபைத் தலைவரைப் பிடித்தால் செட் கிடைக்கும் என்று சொல்கிறவர் உங்களிடம் ஏதோ வாங்கப் பார்க்கிறார்.

எங்கள் செட்டின் பெயர்ப்பலகை மாறிவிட்டது. இனி வழக்கு என்றால் என்ன வித்தியாசம்?

நிறைய. கூட்டுத்தாபனம் சட்டத்தால் உருவான அரச நிறுவனம். அது தன்னிச்சையாக நடந்தால், அதை நிருவாகச் செயல் என்று காட்டி நாட்டின் மிக மேலான உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனுவோ, மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை (ரிட்) மனுவோ போடுவதற்கு இடமிருக்கிறது. கொரியர் வேனுக்கும் கொழுந்து லொறிக்கும் அதே குழாயில் அதே டீசல் அடித்தாலும், பலகையில் தனியார் கம்பனியின் பெயர் ஏறிய பிறகு அந்தக் கதவு பெரும்பாலும் மூடிவிடுகிறது. கம்பனியோடு உங்களுக்கு இருப்பது ஒப்பந்தம். ஒப்பந்தம் மீறப்பட்டால் சிவில் வழக்கு, அல்லது ஒப்பந்தத்தில் எழுதியிருந்தால் நடுவர் ஒருவரிடம் போகும் நடுத்தீர்ப்பு.

இன்னொன்றையும் பாருங்கள். செட் கூட்டுத்தாபனத்துக்குச் சொந்தமாக இருந்து நீங்கள் நடத்தியதா, அல்லது காணியும் கட்டடமும் உங்களுடையதா? இந்தத் தொழிலில் முதல் வகையைக் கோடோ என்றும் இரண்டாவதை டோடோ என்றும் சொல்வார்கள். கோடோ முகவரின் காலடியில் சொந்த மண் இல்லை. ஒப்பந்தம் முடிந்தால் சாவியைக் கொடுத்துவிட்டு இறங்க வேண்டியதுதான். டோடோ முகவருக்கு எண்ணெய் நின்றாலும் காணி மிஞ்சும், பேரம் பேசவும் ஒரு பிடி இருக்கும்.

என் சம்மதமில்லாமல் என்னை வேறு கம்பனிக்கு மாற்ற முடியுமா?

உங்கள் பழைய ஒப்பந்தத்தின் முடிவுறுத்தல் பிரிவைப் படித்தால்தான் சொல்ல முடியும். அறிவித்தல் கொடுத்து முடித்துக்கொள்ளும் உரிமை மற்றத் தரப்புக்கு இருந்தால், முடித்துக்கொள்வதைத் தடுப்பது கடினம். புதிய கம்பனியோடு கையெழுத்திட உங்களைக் கட்டாயப்படுத்த எவராலும் முடியாது. ஆனால் கையெழுத்திடாவிட்டால் எண்ணெய் கொண்டுவரும் பவுசர் வராது. பத்திரிகைகளில் இதைச் 'சுதந்திர ஒப்பந்தம்' என்று எழுதினார்கள், வாசித்துச் சிரித்துக்கொண்டேன்.

விண்ணப்பித்த எனக்குக் கிடைக்கவில்லை. எந்தத் தகுதியும் இல்லாத ஒருவருக்குக் கிடைத்துவிட்டது. என்ன செய்யலாம்?

அதிகம் பேர் கேட்கும் கேள்வி இது. அதிகம் பேர் தோற்பதும் இங்கேதான். கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

முதலில், 'எனக்குக் கிடைக்கவில்லை' என்பது வழக்கு அல்ல. முகவர் பதவி கேட்பதற்கு எவருக்கும் பிறப்புரிமை இல்லை. 'கொடுத்த முறை பிழை' என்பதே வழக்கு. விளம்பரம் செய்யாமல் கொடுத்தார்களா? கேள்விமனுவில் (டெண்டரில்) எழுதிய நிபந்தனையை ஒருவருக்காக மட்டும் தளர்த்தினார்களா? புள்ளி இட்ட தாள் இருக்கிறதா? புள்ளியில் கீழே இருந்தவர் மேலே வந்தது எப்படி? இவற்றில் ஒன்றையாவது காகிதத்தில் காட்ட முடிந்தால்தான் மேலே பேசலாம்.

காட்ட முடிந்தால் இரண்டு பாதைகள் உண்டு. ஒன்று, அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரையின் கீழ் உயர் நீதிமன்றத்துக்கு அடிப்படை உரிமை மனு. சட்டத்தின் முன் எல்லோரும் சமம் என்ற 12(1) இதன் முதுகெலும்பு. சட்டபூர்வமான தொழில் செய்யும் சுதந்திரத்தைக் கூறும் 14ஆம் உறுப்புரையையும் சேர்ப்பார்கள். 12(1) எல்லா ஆட்களுக்கும் உரியது, 14 பிரஜைகளுக்கு உரியது. 1948இல் பிரஜாவுரிமை பறிக்கப்பட்டு, கடைசித் தொகுதியினர் 2003ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கச் சட்டம் வரை காத்திருந்த எங்கள் சமூகத்தில் இந்த வித்தியாசம் வெறும் இலக்கணம் அல்ல. கூட்டுத்தாபனம் ஊருக்கு ஊர் முகவர்களை வைத்த அறுபதுகளில் எங்கள் பாட்டன்மார் பலர் நாடற்றவர்கள்.

மற்றப் பாதை, 140ஆம் உறுப்புரையின் கீழ் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை மனு. பிழையான முடிவை இரத்துச் செய்யவும், செய்ய வேண்டிய கடமையைச் செய்யுமாறு பணிக்கவும் கேட்கலாம். கிடைக்கக்கூடியது என்ன என்பதில் மயக்கம் வேண்டாம். நீதிமன்றம் மற்றவருக்குக் கொடுத்ததை இரத்துச் செய்யலாம். உங்கள் கையில் செட்டைத் தூக்கிக் கொடுக்காது. பெரும்பாலும் 'முறைப்படி மறுபடியும் தெரிவு செய்யுங்கள்' என்பதே உச்ச வெற்றி. அந்த மறுதெரிவிலும் நீங்கள் தோற்கலாம்.

லைசென்ஸ் கிடைத்தவரையும் பிரதிவாதியாகச் சேர்க்க வேண்டும். அவரை விட்டுவிட்டு அமைச்சையும் கூட்டுத்தாபனத்தையும் மட்டும் சேர்த்து, அந்தக் காரணத்துக்காகவே தள்ளுபடியான மனுக்கள் உண்டு. அண்ணன் தம்பி முறை என்று கூச்சப்பட்டு அவர் பெயரை விடாதீர்கள். அவர் உரிமையைப் பறிக்கக் கேட்கும் வழக்கில் அவர் பேச்சைக் கேட்காமல் தீர்ப்பளிக்க மாட்டார்கள்.

எத்தனை நாளுக்குள் போட வேண்டும்?

அடிப்படை உரிமை மனுவுக்கு ஒரு மாதம். எழுத்தாணைக்கு நாள் கணக்கு எழுதப்படவில்லை. ஆனால் விளக்கமில்லாத தாமதம் அதைக் கொன்றுவிடும்.

அந்த ஒரு மாதம் எந்த நாளிலிருந்து?

உரிமை மீறப்பட்ட நாளிலிருந்து. அது அப்போது உங்களுக்குத் தெரியாமல் இருந்திருந்தால், தெரிந்த நாளிலிருந்து என்று வாதாடலாம். கடிதம் வந்த தபாலுறையை எறியாதீர்கள் என்று நான் எல்லோரிடமும் சொல்வது இதனால்தான். தோட்டத்துக்குத் தபால் வந்து, காரியாலயத்தில் கிடந்து, கங்காணி கையில் ஏறி, தொழிலாளர் குடியிருப்பான லயத்துக்கு வந்து சேர்வதற்குள் இரண்டு வாரம் போயிருக்கும். உறையிலுள்ள முத்திரைத் திகதியும் நீங்கள் கையெழுத்திட்டு வாங்கிய திகதியும் அப்போது பேசும்.

மனித உரிமைகள் ஆணைக்குழுவிடம் ஒரு மாதத்துக்குள் முறைப்பாடு செய்தால், அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் கணக்கில் சேராது என்று 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின் 13ஆம் பிரிவு சொல்கிறது. கண்டியிலும் பதுளையிலும் பிராந்தியக் காரியாலயங்கள் இருக்கின்றன. முறைப்பாட்டு ரசீதை மட்டும் வைத்துக்கொண்டு நிம்மதியாகத் தூங்காதீர்கள். விசாரணை உண்மையாக நடந்ததா என்று உயர் நீதிமன்றம் கேட்கிறது.

அமைச்சருக்கு ஒரு கடிதம், பதிலுக்கு ஒரு மாதக் காத்திருப்பு, பிறகு தொழிற்சங்கத் தலைவர் மூலம் இன்னொரு கடிதம், பிறகு தேர்தல். என் மேசைக்கு வரும் கோப்புகளில் பாதி இப்படித்தான் காலாவதியாகியிருக்கின்றன. கடிதம் எழுதுங்கள், வேண்டாம் என்று சொல்லவில்லை. எழுதிய அன்றே சட்டத்தரணியையும் பாருங்கள்.

புள்ளித்தாள், குழு அறிக்கை இவையெல்லாம் எங்களுக்கு எப்படிக் கிடைக்கும்?

2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டம். அமைச்சுக்கும் கூட்டுத்தாபனத்துக்கும் தகவல் அலுவலர் உண்டு. அவர் 14 வேலை நாட்களுக்குள் தருவதா மறுப்பதா என்று சொல்ல வேண்டும். மறுத்தால் குறித்தளிக்கப்பட்ட அலுவலரிடம் மேன்முறையீடு, அதன் பிறகு தகவல் அறியும் உரிமை ஆணைக்குழு.

கேட்கும்போது 'எல்லா விபரமும்' என்று கேட்காதீர்கள். 'இந்தத் திகதியில் இந்த ஊருக்குக் கோரப்பட்ட முகவர் விண்ணப்பங்களின் மதிப்பீட்டுத் தாள், தெரிவுக் குழுவின் கூட்டக் குறிப்பு, தெரிவானவருக்கு அனுப்பிய நியமனக் கடிதம்' என்று ஒவ்வொன்றாக எழுதுங்கள். பொதுவாகக் கேட்டால் பொதுவாகவே மறுப்பார்கள். தகவல் வரும் வரை ஒரு மாதக் கெடு நிற்காது என்பதையும் மறக்க வேண்டாம். கையில் உள்ளதை வைத்து மனுவைப் போட்டுவிட்டு, பிறகு வரும் பத்திரத்தைச் சத்தியக்கடதாசியோடு சேர்க்க அனுமதி கேட்பதுதான் வழக்கம்.

கொழும்புக்குப் போகாமல் இங்கேயே வழக்குப் போட முடியாதா?

நடு அடுக்கிலும் கீழ் அடுக்கிலும் சில வழக்குகளை இங்கே போடலாம். காணி, பங்குடைமை, ஒப்பந்த மீறலுக்கு நட்டஈடு ஆகியவை மாவட்ட நீதிமன்றத்துக்கு உரியவை. எழுத்து ஒப்பந்தத்துக்கு வழக்காடும் காலம் ஆறு ஆண்டுகள். தொகை பெரிதாகி, அது வணிகக் கொடுக்கல் வாங்கலாகவும் இருந்தால் கொழும்பு வணிக மேல் நீதிமன்றத்துக்குப் போக வேண்டிவரும். பிரதேச சபை அனுமதி மறுத்தால், அது மாகாணத்துக்குரிய விடயம் என்பதால் மாகாண மேல் நீதிமன்றத்தில் எழுத்தாணை கேட்கலாம்.

எரிபொருள் மத்திய அரசின் விடயம். அமைச்சின் முடிவையோ கூட்டுத்தாபனத்தின் முடிவையோ எதிர்த்தால் கொழும்பில் நீதிமன்றங்கள் இருக்கும் புதுக்கடைக்குத்தான் போக வேண்டும். இரவு பஸ்ஸில் ஏறி, விடியற்காலையில் புறக்கோட்டையில் இறங்கி முகம் கழுவி, ஒன்பது மணிக்கு நீதிமன்றப் படியேறி, 'அடுத்த தவணை மூன்று மாதம் கழித்து' என்று கேட்டுவிட்டுத் திரும்பும் பயணத்துக்குத் தயாராக இருங்கள். அடிப்படை உரிமை மனுவை இரண்டு மாதத்தில் தீர்க்க வேண்டும் என்று அரசியலமைப்பே சொல்கிறது. நடப்பது ஆண்டுக் கணக்கு.

ஒப்பந்தத்தை இரத்துச் செய்துவிட்டார்கள். விளக்கம் கேட்கவே இல்லை. இது இயற்கை நீதிக்கு எதிரானது இல்லையா?

எதிரானதுதான். ஆனாலும் எழுத்தாணை மனுவில் நீதிமன்றம் கேட்கும் முதல் கேள்வி வேறு: இரத்துச் செய்த அதிகாரம் சட்டத்திலிருந்து வந்ததா, ஒப்பந்தத்திலிருந்து வந்ததா? ஒப்பந்தத்திலிருந்து என்றால், 'இது தனியார் சட்டத்துக்குரிய விவகாரம், சிவில் நீதிமன்றத்துக்குப் போங்கள்' என்பது எங்கள் நாட்டில் பல பத்தாண்டுகளாக நிலைத்த பதில். எதிர்த்தரப்புச் சட்டத்தரணி இதை முதல் நாளே எழுந்து சொல்வார். உங்கள் சட்டத்தரணியிடம் இதற்கு என்ன பதில் இருக்கிறது என்று முன்கூட்டியே கேளுங்கள்.

இரத்துக்குச் சொல்லப்படும் காரணங்கள் அனேகமாக மூன்று: அளவுக் குறைவு, கலப்படம், பதுக்கல். அளவு என்றால் அளவீட்டு அலகுகள், நியமங்கள் மற்றும் சேவைகள் திணைக்களத்தின் முத்திரை குழாயில் இருந்ததா என்பதே முக்கியம். கலப்படம் என்றால் மாதிரியை எடுத்தது யார், உங்கள் முன் முத்திரையிட்டார்களா, உங்களுக்கு ஒரு போத்தல் தந்தார்களா என்று பாருங்கள். தராவிட்டால் அப்போதே எழுத்தில் கேளுங்கள். பவுசர் ரசீதுகளையும் தாங்கியில் கோல் விட்டு அளந்த பதிவேட்டையும் பூட்டி வையுங்கள்.

2022இல் கியூஆர் பங்கீட்டை மீறியதாகச் சில செட்களுக்கு விநியோகம் நிறுத்தப்பட்டது. அந்த மாதங்களில் தலவாக்கலையிலும் வெலிமடையிலும் வரிசையில் நின்ற எவருக்கும் செட்காரர் மீது இரக்கம் வராது, எனக்கும் வரவில்லை. ஆனாலும் வரிசையில் நின்றவர் கோபமாக எழுதிய முறைப்பாடு மட்டும் சாட்சியம் ஆகாது.

ஒப்பந்தத்தில் 'நடுத்தீர்ப்பு' என்று ஒரு பிரிவு இருக்கிறது. அது என்ன?

பிணக்கு வந்தால் நீதிமன்றத்துக்குப் போகாமல் நடுவர் ஒருவரிடம் போவதாக நீங்கள் ஏற்கெனவே கையெழுத்திட்டுவிட்டீர்கள். 1995ஆம் ஆண்டின் 11ஆம் இலக்கச் சட்டப்படி, மற்றத் தரப்பு ஆட்சேபித்தால் நீதிமன்றம் உங்கள் வழக்கை எடுக்க முடியாது.

தடையுத்தரவு கிடைத்தால் செட் ஓடுமா?

உடனே ஓடாது. இருக்கும் நிலையை மாற்றாதீர்கள் என்ற இடைக்கால உத்தரவு வேறு, எண்ணெய் அனுப்புங்கள் என்ற உத்தரவு வேறு. கொட்டகலைக் களஞ்சியத்துக்கு எண்ணெய் ரயில் வந்து நின்றாலும், உங்கள் பெயரில் கட்டளை பதிவாகாவிட்டால் ஒரு லீற்றர் வராது. காய்ந்த தாங்கியோடு ஆறு மாதம் 'நிலையைப் பேணிய' செட்டைப் பார்த்திருக்கிறேன். வேலையாட்கள் போய்விட்டார்கள், எதிர் வளைவிலிருந்த செட்டுக்கு வாடிக்கை போய்விட்டது. இடைக்கால நிவாரணத்தை மனுவில் எப்படி எழுதுவது என்பதற்காகவே ஒரு மணி நேரம் செலவழியுங்கள்.

தோட்டக் காணியில், பிரதான வீதியோரம் நல்ல இடம் இருக்கிறது. துரை (தோட்ட மனேஜர்) தருவதாகச் சொல்கிறார். செட் போடலாமா?

துரைக்கு அது சொந்தமா என்று கேளுங்கள். 1972, 1975 காணிச் சீர்திருத்தங்களில் பெருந்தோட்டங்கள் அரசுக்கு வந்தன. 1992இல் பிராந்தியப் பெருந்தோட்டக் கம்பனிகளுக்கு நிருவாகம் போனது. அவற்றிடம் இருப்பது 2045இல் முடியும் குத்தகை. மண் இன்னும் அரச பெருந்தோட்டக் கூட்டுத்தாபனத்துக்கோ மக்கள் பெருந்தோட்ட அபிவிருத்திச் சபைக்கோ அரசின் வேறொரு கைக்கோ உரியது. தேயிலைக்குக் கொடுத்த காணியை எரிபொருளுக்கு உப குத்தகை விட வேண்டுமானால் மேலே இருப்பவர்களின் எழுத்துமூலச் சம்மதம் வேண்டும். மனேஜரின் கடிதத் தாளில் எழுதிய மூன்று வரி போதாது.

அப்படி மூன்று வரியை நம்பி இறங்கினால் என்ன நடக்கும்? 1979ஆம் ஆண்டின் 7ஆம் இலக்க அரச காணிகள் உடைமை மீளப்பெறல் சட்டத்தின்படி நீதவான் நீதிமன்றத்தில் வழக்கு வரும். அங்கே நீங்கள் காட்டக்கூடியது ஒன்றே ஒன்று: செல்லுபடியான அனுமதிப்பத்திரம். 'ஒன்றரைக் கோடி போட்டேன், மலையை வெட்டிச் சுவர் கட்டினேன்' என்ற கதையைக் கேட்க அந்த நீதவானுக்குச் சட்டம் இடம் தரவில்லை. மலையகத்தில் செட்டுக்கு முன் சுவர் எழும்ப வேண்டும். அந்தச் சுவருக்குப் போகும் பணம்தான் மனிதரை விழுத்துகிறது.

கொள்கையளவில் சம்மதக் கடிதம் தந்தார்கள், சுவரும் கட்டிவிட்டேன், இப்போது வேறு இடத்துக்குக் கொடுத்துவிட்டார்கள். வழி இருக்கிறதா?

இருக்கிறது, வலுவான வழி. பொது அதிகாரசபை ஒன்று தெளிவாக வாக்களித்து, அதை நம்பி நீங்கள் செலவழித்திருந்தால் 'நியாயமான எதிர்பார்ப்பு' என்ற கோட்பாட்டை எங்கள் நீதிமன்றங்கள் ஏற்கின்றன. கடிதத்தின் வாசகம் தெளிவாக இருக்க வேண்டும். 'பரிசீலிக்கப்படும்' என்பது வாக்குறுதி அல்ல. 'கீழ்க்காணும் அனுமதிகளைப் பெற்றுச் சமர்ப்பிக்கவும்' என்று எழுதி, நீங்களும் ஒவ்வொன்றாகப் பெற்றுச் சமர்ப்பித்திருந்தால் பேசலாம். ஒவ்வொரு செலவுக்கும் திகதியிட்ட ரசீது வேண்டும். கல்லுடைத்தவருக்குக் கையில் கொடுத்த காசுக்கும் ஒரு கையெழுத்து வாங்கி வையுங்கள்.

எங்கள் லயத்துக்கு மேலே செட் கட்டுகிறார்கள். மண் இறங்கும் என்று பயமாக இருக்கிறது. நாங்கள் எதிர்க்கலாமா?

கட்டாயம் எதிர்க்கலாம். 2014 ஒக்டோபரில் கொஸ்லாந்தை மீரியாபெத்தையில் லயங்கள் மண்ணுக்குள் போனதைப் பார்த்த பிறகு இதை அதிகப் பயம் என்று எவரும் சொல்லக்கூடாது. தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனத்தின் அறிக்கை அந்தக் காணிக்கு உண்டா, அதில் என்ன நிபந்தனைகள் என்று தகவல் சட்டத்தில் கேளுங்கள். சரிவு வெட்டும் கோணமும் நீர் வடிகாலும் அதில் எழுதியிருக்கும். எழுதியபடி கட்டவில்லை என்றால் படம் எடுத்துப் பிரதேச சபைக்கும் அந்த நிறுவனத்துக்கும் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். ஆபத்து கண்முன் இருந்தால், பொதுத் தொல்லை என்று குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 98ஆம் பிரிவின் கீழ் நீதவானிடம் போகலாம். இது விரைவான வழி. நிலத்தடித் தாங்கி கசிந்தால் கீழே உள்ள பீலியில் (ஊற்றுக் குழாயில்) வரும் தண்ணீரின் கதி என்ன என்பதையும் சேர்த்து எழுதுங்கள்.

பக்கத்துச் செட்காரர் தன் வியாபாரம் குறையும் என்று உங்களைத் தூண்டிவிட்டால் கவனம். வியாபாரம் குறையும் என்பது தனியே ஒரு வழக்காகாது. அவர் தன் சண்டையை உங்கள் லயத்தின் பெயரில் நடத்துகிறாரா என்று நீதிமன்றமும் பார்க்கும்.

அப்பா முகவராக இருந்து இறந்துவிட்டார். செட் எங்களுக்கு வருமா?

காணியும் கட்டடமும் வரும். உயில் இல்லாவிட்டால் பொதுச் சட்டப்படி பாதி அம்மாவுக்கு, மீதி பிள்ளைகளுக்கு. தேசவழமை என்ற வழக்காற்றுச் சட்டம் யாழ்ப்பாணத் தமிழருக்குரியது, எங்களுக்குப் பொருந்தாது. சிலர் அதைச் சொல்லிக் குழப்புவார்கள். முகவர் ஒப்பந்தம் அப்பாவின் பெயரோடு ஒட்டியது. அது தானாக இறங்கி வருமா என்பது ஒப்பந்த வாசகத்தைப் பொறுத்தது. மரணச் சடங்கு முடிந்த வாரமே, குடும்பத்தில் எல்லோரும் கையெழுத்திட்டு, ஒருவரை முன்னிறுத்தி எழுத்தில் கேட்பது நல்லது. அண்ணனும் தம்பியும் தனித்தனியே விண்ணப்பித்தால் மூன்றாமவர் ஒருவருக்குப் போகும். நான் பார்த்த குடும்ப வழக்குகளில் செட்டை வென்றவர் எவரும் இல்லை.

என் பெயரில் லைசென்ஸ், பணம் முதலாளியுடையது. இப்போது அவர் என்னை வெளியேறச் சொல்கிறார்.

உங்கள் முகவர் ஒப்பந்தம் வேறொருவருக்குப் பெயரை இரவல் கொடுப்பதைத் தடை செய்திருக்கும். வழக்கில் உண்மையைச் சொன்னால் ஒப்பந்தத்தை மீறியதை ஒப்புக்கொள்கிறீர்கள். மறைத்தால், உண்மையை மறைத்தவருக்கு எழுத்தாணை இல்லை என்ற விதியில் விழுவீர்கள். சமரசம் பேசுங்கள்.

அரசியல்வாதியின் கடிதத்தால் கொடுத்த லைசென்ஸை நீதிமன்றம் இரத்துச் செய்யுமா?

இந்தியாவில் செய்திருக்கிறது. 1996இல் இந்திய உச்ச நீதிமன்றம், அமைச்சர் சதீஷ் சர்மா தன் விருப்புரிமையில் 15 பேருக்கு ஒதுக்கிய பெற்றோல் பங்க்குகளை இரத்துச் செய்தது. அவர் மீது விதித்த 50 இலட்சம் ரூபாவைப் பின்னர் 1999 மீள்பரிசீலனையில் நீக்கிக்கொண்டது. 2002இல் நடந்தது இதன் மறுபக்கம். ஒதுக்கீடுகளில் அரசியல் கலந்தது என்று கூச்சல் எழுந்ததும் வாஜ்பாய் அரசு 2000 ஜனவரிக்குப் பின் கொடுத்த எல்லாவற்றையும் ஒரே வீச்சில் இரத்துச் செய்தது. அந்த மொத்த இரத்தையே உச்ச நீதிமன்றம் தள்ளிவிட்டு, குற்றச்சாட்டுக்குள்ளான நானூற்றுச் சொச்ச ஒதுக்கீடுகளை மட்டும் ஆராய ஓய்வுபெற்ற நீதிபதிகள் இருவரை நியமித்தது. நேர்மையாகப் பெற்றவரையும் சேர்த்துக் கொளுத்தக்கூடாது என்பதே காரணம். இந்தியத் தீர்ப்புகள் இங்கே கட்டுப்படுத்தாது. ஆனால் எங்கள் நீதிபதிகள் அவற்றைப் படிக்கிறார்கள், மேற்கோள் காட்டுகிறார்கள்.

எங்கள் நாட்டில் பார்க்க வேண்டியது 2008 ஜூலைத் தீர்ப்பு. கப்பல்களுக்கு எரிபொருள் கொடுக்கும் லங்கா மரைன் சர்விசஸ் கூட்டுத்தாபனத்தின் கம்பனியாக இருந்தது. 2002இல் தனியாருக்கு விற்கப்பட்டது. வாசுதேவ நாணயக்கார பொதுநலனுக்காகப் போட்ட மனுவில், விற்பனையோடு கைமாறிய கொழும்பு நிலத்தின் வழங்கல் செல்லாது என்று உயர் நீதிமன்றம் தீர்த்தது. அரச அதிகாரம் மக்களுக்காக நம்பிக்கையில் வைத்திருப்பது என்ற கோட்பாடு அங்கே வேலை செய்தது. அது பெரிய சொத்து, பெரிய வழக்கு. ஒரு சிறு நகரத்துச் செட்டுக்கு அதே வேகம் வரும் என்று நினைக்காதீர்கள். இலஞ்சம் கைமாறியதற்கு ஆதாரம் இருந்தால், 2023ஆம் ஆண்டின் ஊழல் எதிர்ப்புச் சட்டத்தின் கீழ் இலஞ்ச ஊழல் ஆணைக்குழுவிடம் முறைப்பாடு செய்வது வேறொரு பாதை. அது உங்களுக்குச் செட் வாங்கித் தராது.

கொமிசனைக் குறைத்தால் வழக்குப் போடலாமா?

2025 பெப்ரவரி இறுதியில் கூட்டுத்தாபனம் 3 சதவீதக் கொமிசனை நிறுத்தியபோது விநியோகத்தர் சங்கம் கட்டளை போடுவதை நிறுத்தியது. ஊரெல்லாம் மறுபடி வரிசை. நீதிமன்றத்தில் இது ஒப்பந்த வாசகம் பற்றிய விவகாரம். பேரம் பேசும் மேசைதான் இதற்குச் சரியான இடம்.

எங்களுக்கு வரும் கடிதங்கள் சிங்களத்தில், ஒப்பந்தம் ஆங்கிலத்தில். கையெழுத்திட்ட பிறகு 'புரியவில்லை' என்று சொல்லலாமா?

கையெழுத்திட்டவர் படித்தார் என்றே நீதிமன்றம் எடுத்துக்கொள்ளும். அதனால் முன்கூட்டியே கேளுங்கள். அரச அலுவலகத்தோடு தமிழில் தொடர்புகொண்டு தமிழில் பதில் பெறும் உரிமை அரசியலமைப்பின் 22ஆம் உறுப்புரையில் இருக்கிறது. விண்ணப்பத்தைத் தமிழில் கொடுங்கள், 'பதிலைத் தமிழில் தரவும்' என்று மேலே எழுதுங்கள். சிங்களத்தில் வந்த முடிவுக் கடிதத்தை மொழிபெயர்க்கப் பிந்தினாலும், ஒரு மாதக் கணக்கு அதற்காக நிற்கும் என்று நம்ப வேண்டாம். பக்கத்துப் பாடசாலை ஆசிரியரிடம் அன்றே காட்டிக் கேளுங்கள்.

தோட்டக் கடைகளில் போத்தலில் பெற்றோல் விற்கிறார்கள். அதற்கு லைசென்ஸ் எடுக்க முடியுமா?

முடியாது. பிடித்தால் வழக்கு, தீப்பிடித்தால் லயமே போகும். ஆனாலும் அது ஏன் விற்கிறது என்று தெரியும். மேல் டிவிசனிலிருந்து ஓட்டோக்காரர் ஒருவர் செட்டுக்கு வந்து போவதற்கே அரைத் தாங்கி தீர்ந்துவிடுகிறது. ஊரில் செட் வேண்டும் என்றால், ஓட்டோச் சங்கமும் கொழுந்து லொறிக்காரர்களும் கையெழுத்திட்டு, கிலோமீற்றரைக் குறித்து, அமைச்சுக்கும் விநியோகக் கம்பனிகளுக்கும் பிரதேச செயலகத்துக்கும் ஒரே நாளில் கடிதம் அனுப்புங்கள். பதிவுத் தபால் ரசீதை எடுத்து வையுங்கள். பிறகு அந்த ஊருக்கு ஒருவர் செட் வாங்கி வந்து, விளம்பரம் எங்கே என்று நீங்கள் கேட்கும் நாளில் அந்தக் கடிதம்தான் முதலாவது ஆவணம்.